கல்யாண உடுப்போடு விமானம் ஏறுகிறவர்களுக்கு ஒரு தையல்காரி சொல்வது

மட்டக்களப்பில் நான் தைக்கிற கல்யாண உடுப்புகளில் பாதிக்கு மேல் ஊரில் உடுக்கப்படுவதில்லை. சுவிஸ், லண்டன், டொரொன்டோ என்று பறந்துவிடுகின்றன. தாண்டவன்வெளிப் பக்கத்துக் கிறிஸ்தவப் பிள்ளைகளுக்கு வெள்ளைக் கவுன். சைவப் பிள்ளைகளுக்குக் கூறைச்சேலைக்கு ரவிக்கை, வரவேற்புக்குக் கல்வேலை செய்த பாவாடை. உடுப்பு கெட்டுப்போனால் எல்லோரும் விமானக் கம்பனியைத்தான் திட்டுவார்கள். விசாரித்துப் பார்த்தால், தவறு பெரும்பாலும் இங்கேயே, விமானம் ஏறப் பல நாட்களுக்கு முன்பே நடந்திருக்கும்.

முதல் தவறு என்னுடைய மேசையில் நடக்கிறது. உடுப்பு விமானத்தில் போகப்போகிறது என்பதைத் தையல்காரிக்குச் சொல்லாமல் விடுவது. அளவு கொடுப்பார்கள், படம் காட்டுவார்கள், கல்லின் நிறத்துக்கு ஒரு மணி நேரம் பேசுவார்கள். தைத்து முடிந்து, பெட்டிக்குள் அடங்காமல் நிற்கும்போதுதான் “அக்கா, இதை எப்படிக் கொண்டுபோவது?” என்று கேட்பார்கள். முதலிலேயே சொன்னால் வேறு மாதிரி வெட்டுவேன். கவுனை விரித்து நிறுத்தும் உள்பாவாடையைத் தனியாகத் தைத்துக் கொக்கி வைப்பேன். பின்னால் இழுபடும் வாலைக் கழற்றிப் பூட்டும்படி செய்வேன். முதுகில் சிப் வைப்பதற்குப் பதிலாகக் கயிறு கோத்து இறுக்கும்படி விடுவேன். கல்யாணப் பதற்றத்தில் இளைக்கிற பிள்ளைகளும் உண்டு, பெரியம்மா வீட்டு விருந்தில் பெருக்கிறவர்களும் உண்டு. கயிறு இருவருக்கும் பொருந்தும். ரவிக்கையானால் பக்கத்துக்கு ஓர் அங்குலமாவது உள்ளே மடித்து விடச் சொல்லுங்கள். வெட்டி எறிந்த துணியை சூரிச்சில் யாரும் ஒட்டித் தர முடியாது.

இப்போது ஒரு நிபந்தனை வைத்திருக்கிறேன். கொண்டுபோகிற கைப்பொதியை முதலில் என்னிடம் கொண்டுவர வேண்டும். அதைப் பார்த்த பிறகுதான் கத்தரி எடுப்பேன். கொழும்பிலிருந்து பறக்கிற பல விமானங்களில் சாதாரண வகுப்புக்காரருக்குக் கைப்பொதி 7 கிலோதான். நீளம் 55 சென்டிமீட்டர் அளவில் நின்றுவிடும். நெருக்கமாகக் கல் வைத்த கவுன் ஒன்றே 5 கிலோவைத் தொடும். அதோடு செருப்பு, நகைப்பெட்டி, கிரீடம் என்று அடுக்கினால் கட்டுநாயக்க விமான நிலையத்தில் கவுண்டர் முன் நின்று பெட்டியைத் திறந்து இறைக்க வேண்டியதுதான். வீட்டிலேயே தராசில் வைத்துப் பாருங்கள். தோளில் மாட்டுகிற பையும் அந்த 7 கிலோவுக்குள் சேருமா என்பதை டிக்கெட் எடுத்த இடத்தில் கேட்டுவிடுங்கள். கம்பனிக்குக் கம்பனி மாறும்.

“விமானத்துக்குள் அலுமாரி இருக்கிறதாம், பணிப்பெண்ணிடம் கொடுத்தால் தொங்கவிடுவாளாம்” என்று நம்பிப் போகிறவர்களும் இருக்கிறார்கள். சில விமானங்களில் இருக்கிறதுதான். ஆனால் அது சின்னது, முன்வகுப்புக்காரரின் கோட்டுகளுக்கே போதாது. கேட்டுப் பாருங்கள், கிடைத்தால் அதிர்ஷ்டம். அதை நம்பி மடிக்காமல் கொண்டுபோகாதீர்கள். உடுப்புக்கென்று தனி இருக்கை விற்கிற கம்பனிகளும் உண்டு. அதை முன்கூட்டியே பேசித்தான் வாங்க வேண்டும். கடைசி விமானம் சின்ன ரகமா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள். அப்படிப்பட்ட விமானங்களில் வாசலிலேயே கைப்பொதியை வாங்கிக் கீழே போட்டுவிடுவார்கள்.

எல்லாவற்றிலும் பெரிய தவறு, உடுப்பைச் சாமான்களோடு கீழே அனுப்புவது. இதை நான் என் அக்காவின் மகளுக்கே சொல்லி வைக்கவில்லை. வியாழக்கிழமை அவள் போய் இறங்கினாள், சனிக்கிழமை கல்யாணம். வளைகுடாவில் விமானம் மாற ஒன்றரை மணி நேரம்தான். அவள் ஓடிப்போய் ஏறிவிட்டாள், பெட்டி ஏறவில்லை. நான் இரவிரவாகக் கண்விழித்து முத்துக் கோத்த கவுன் திங்கட்கிழமைதான் வந்து சேர்ந்தது. தோழியின் வெள்ளைச் சேலையைக் கட்டிக்கொண்டு அவள் கோயிலுக்குப் போனாள். படத்தில் நன்றாகத்தான் இருந்தாள். எனக்குத்தான் இன்றுவரை அந்தப் படத்தைப் பார்க்க மனம் வருவதில்லை.

நட்ட ஈடு கிடைக்காதா என்று கேட்பீர்கள். சர்வதேசப் பயணங்களுக்கு 1999ஆம் ஆண்டின் மொன்றியல் உடன்படிக்கை இருக்கிறது. அதன்படி பொதி தொலைந்தாலும் சேதமானாலும் தாமதமானாலும் ஒரு பயணிக்கு உச்சவரம்பு 1,519 எஸ்.டி.ஆர் (சர்வதேச நாணய நிதியத்தின் கணக்கு அலகு). சுமார் 2,000 அமெரிக்க டாலர் என்று வைத்துக்கொள்ளலாம். 2024 டிசம்பர் 28 முதல் இந்தக் கணக்கு. அது உச்சவரம்பு மட்டுமே. கேட்டவுடன் எடுத்துத் தருகிற காசு அல்ல, பில் காட்டித்தான் வாங்க வேண்டும். சேதமென்றால் பொதி கைக்கு வந்து 7 நாட்களுக்குள், தாமதமென்றால் 21 நாட்களுக்குள் எழுத்தில் முறையிட வேண்டும். விமான நிலையத்தை விட்டு வெளியே வரும் முன்பே பொதிக் கவுண்டரில் எழுதிக் கொடுத்து இலக்கம் வாங்கிக்கொள்ளுங்கள். எங்கள் ஊரில் தையற்கூலிக்கு யாரும் பில் கேட்பதில்லை. நான் இப்போது துணி, கல், கூலி என்று பிரித்து எழுதிக் கையெழுத்திட்டே கொடுக்கிறேன்.

அந்தப் பில் சுங்கத்துக்கும் உதவும். விலைச்சீட்டைக் கிழித்துவிட்டால் தப்பலாம் என்று யோசனை சொல்கிறவர்களை நம்பாதீர்கள். சுவிஸில் வசிக்கிறவர் வெளியே வாங்கிய பொருளோடு திரும்பினால், 2025 ஜனவரி முதல் 150 பிராங் வரைதான் வரி இல்லை. அதைத் தாண்டினால் மொத்த மதிப்புக்கும் வரி. பிரிட்டனில் அந்த எல்லை 390 பவுண்.

கூறைச்சேலை வேறு கதை. அது மாப்பிள்ளை வீட்டாரின் பொறுப்பு என்பதால் யார் கையில் வருகிறது என்று இரண்டு வீட்டாரும் கேட்டுக்கொள்வதில்லை. மணவறையில் கூறைத் தட்டை எடுக்கிற நேரத்தில்தான் தேடுவார்கள். பட்டுச்சேலை என்ன, ஒரு கிலோ அளவு. தாலிக்கொடியோடு அது ஒருவரின் கைப்பையில்தான் போக வேண்டும், அவர் பெயரையும் முன்பே முடிவு செய்துவிடுங்கள். பூச்சி உருண்டையைச் சேலைக்குள் போட்டுவிடுவது இன்னொரு வழக்கம். சரிகையில் அது பட்டால் கறுத்துவிடும், மணமும் போகாது. பொலித்தீன் பையும் வேண்டாம், எங்கள் கடற்கரைப் புழுக்கத்தில் ஈரம் உள்ளே நின்று பூஞ்சணம் பிடிக்கும். தோய்த்துக் காய்ந்த வெள்ளைப் பருத்தித் துணியில் சுற்றினால் போதும்.

மழைக்காலக் கல்யாணமென்றால் இன்னொன்று. நவம்பர் முதல் ஜனவரி வரை இங்கே அடிக்கிற மழைக்கு வான் வண்டியின் கூரையில் கட்டிய எந்தப் பெட்டியும் நனையும். கட்டுநாயக்க வரை ஓர் இரவுப் பயணம். உடுப்பு மடியில் இருக்கட்டும், முறுக்குப் பெட்டி கூரையில் போகட்டும். அந்த முறுக்கையும் குங்குமத்தையும் உடுப்புள்ள பையில் திணிக்காதீர்கள் என்று சொல்லவும் வேண்டுமா? வேண்டும். சொல்லியும் ஒருத்தி திணித்தாள். சடங்குக்கென்று கற்பூரம் வைப்பார்கள், அது தீப்பற்றுகிற பொருள், விமானத்தில் எந்தப் பையிலும் கூடாது. நெய்யையும் ஐரோப்பாவிலும் பிரிட்டனிலும் வாசலிலேயே பறித்துவிடுவார்கள்.

மடிப்பதைக் கடைசி இரவு அம்மா தனியாகச் செய்யக்கூடாது. இரண்டு பேர் வேண்டும். பன்பாயை விரித்து, மேலே வெள்ளை விரிப்புப் போட்டு, கவுனை உட்புறம் வெளியே வரும்படி திருப்பி முகம் குப்புறக் கிடத்துங்கள். கல் கல்லோடு உரசாது. மார்புப் பகுதிக்குள்ளும் கைகளுக்குள்ளும் வெள்ளை மென்தாளைக் கசக்கி நிரப்புங்கள். பத்திரிகைத் தாள் வேண்டாம், மை ஒட்டும். மடிப்பு விழுகிற ஒவ்வோர் இடத்திலும் அதே தாளைச் சுருட்டி ஒரு தடி போல வையுங்கள், அதன் மேல்தான் துணி வளைய வேண்டும். ஒருவர் பிடிக்க மற்றவர் மூன்றாக மடிக்கலாம். மேலே தலையில் போடுகிற நெற், எல்லாவற்றுக்கும் மேலே கவுனின் படம் ஒன்று. சோதனைச் சாவடியில் பையைத் திறக்கச் சொன்னால் படத்தைக் காட்டிவிட்டு, நானே எடுத்துக் காட்டுகிறேன் என்று கேளுங்கள். பெரும்பாலும் விடுவார்கள்.

போய் இறங்கிய அன்றே வெளியே எடுத்துத் தொங்கவிடுங்கள். நாளைக்குப் பார்க்கலாம் என்று பைக்குள்ளேயே வைப்பதும் ஒரு தவறு. குளியலறையில் சுடுநீரைத் திறந்துவிட்டு ஆவி நிறைந்தபின் நீரை மூடி, உடுப்பை உள்ளே மாட்டினால் பாதிச் சுருக்கம் தானாகப் போய்விடும். இது கவுனுக்கு மட்டும், சரிகைச் சேலையை அங்கே கொண்டுபோகாதீர்கள். மிச்சச் சுருக்கத்துக்கு உட்புறமாக மெல்லிய சூட்டில் அயன் போடலாம்.

நான் கொடுத்துவிடுகிற சின்ன உறையைக் குப்பை என்று எறிந்துவிடாதீர்கள். அதற்குள் இரண்டு கொக்கி, பத்துக் கல், அதே நிற நூல், அதே துணியில் ஒரு சாண் இருக்கும். ஊசியை மட்டும் நீங்கள் அங்கே வாங்கிக்கொள்ளுங்கள்.