பஸ் ஸ்டாப்பில் இரண்டு பலூன்: காமிக்ஸில் காதல் வசனம் எழுதுவது எப்படி?

காதல் காட்சி என்றதும் கண்ணையும் உதட்டையும் திருத்தித் திருத்தி வரைவோம். வசனத்தைக் கடைசியில் மிச்சமிருக்கும் இடத்தில் திணிப்போம். இந்த வரிசையை மாற்றுங்கள். பழக ஒரே ஒரு பேனல், அதாவது ஒரு சட்டகத்துக்குள் அடங்கும் படம், போதும். பஸ் ஸ்டாப்பில் அவன், "நாளைக்கும் வருவியா?" அவள், "பாக்கலாம்."

1. பென்சில் நிலையிலேயே பலூன்களை, அதாவது வசனம் எழுதும் குமிழிகளை, போட்டுவிடுங்கள். இடமிருந்து வலம் படிக்கிறோம். ஆகவே முதலில் பேசுபவன் இடப்பக்கம் நிற்கட்டும். பலூனின் வால் வாயை நோக்கி இருந்தால் சரி.

2. பலூன்களை நகர்த்திப் பாருங்கள். ஆளுக்கொரு மூலையில் இருந்தால் புதிதாகப் பழகுபவர்கள். விளிம்புகள் ஒட்டினால் நெருக்கம். அவள் பலூன் அவன் பலூன்மேல் ஏறினால் பேச்சை வெட்டுகிறாள்: ஒன்று சண்டை, இல்லை கல்யாணமாகிப் பல வருடம்!

3. இப்போது "பாக்கலாம்". பலூனைத் தொடாமல் எழுத்தை மட்டும் பாதி அளவாக்குங்கள். சுற்றியுள்ள வெள்ளை இடமே தயக்கமாகிவிடும். அதே எழுத்துக்குப் பலூனை இறுக்கினால் வெடுக்கென்று சொன்ன மாதிரி ஆகிவிடும். விளிம்பைத் துண்டுக்கோடாக்கினால் கிசுகிசுப்பு. இந்தச் சொல்லில் இரண்டு புள்ளிகள். அவற்றை ஹார்ட் ஆக்கும் ஆசை வரும். வேண்டாம், பதில் "சரி" என்றாகிவிடும்.

4. ஆங்கில காமிக்ஸில் பெரும்பாலும் எல்லாமே கேப்பிட்டல் எழுத்து. வரிகளை நெருக்கி அடுக்கலாம். நமக்கு 'கீ' மேலே சுழிக்கும், 'கூ' கீழே இறங்கும். வரி இடைவெளியைத் தாராளமாக விடுங்கள். குரலை இழுக்க எழுத்துகளை விலக்கி வைக்காதீர்கள். சில மென்பொருள்களில் 'போ' மூன்று துண்டாகச் சிதறும். "போடாஆஆ" என்று நீட்டுவதே நம் வழி. ஃபாண்டில், பாலூ தம்பி போன்ற உருண்டைத் தடிப்பு கேலிக்குப் பொருந்தும். தயக்கத்துக்கு எடுபடாது.

5. மனசுக்குள் பேசுவதற்கு இரண்டு வழி. 1947-இல் ஜோ சைமனும் ஜாக் கிர்பியும் தொடங்கிய 'யங் ரொமான்ஸ்' என்ற அமெரிக்கக் காதல் காமிக்ஸின் பல கதைகளில் நாயகியே தன் கதையைச் சொல்வாள். அந்தப் பாணிக்குக் கட்டம் கட்டிய எழுத்து. ஜப்பானிய ஷோஜோ மாங்காவில், அதாவது பெண்பிள்ளைகளுக்கான காமிக்ஸில், மனசுக்குள் பேசுவதற்குப் பல நேரம் கட்டமும் இல்லை, பலூனும் இல்லை. நினைப்பு படத்தின்மேலேயே மிதக்கும். என் கணக்கில், நடந்து முடிந்ததற்குக் கட்டம், இந்த நொடியில் துடிப்பதற்கு மிதக்கும் எழுத்து. "படபட" என்ற ஒலியைக் கையாலேயே எழுதுங்கள், ஃபாண்ட் வேண்டாம்.

6. ஃபோனில் திறந்து பாருங்கள். "பாக்கலாம்" படிக்க முடியவில்லையா? எழுத்தை மட்டும் பெரிதாக்காமல் பலூனையும் அதே விகிதத்தில் வளர்த்துவிடுங்கள். இடம் பற்றாவிட்டால் பின்னாலிருக்கும் பஸ்ஸை வெட்டுங்கள்.