லண்டனை இரண்டரை மணி நேரத்தில் நடந்து பார்க்க

முதல்முறை போகிறவர்கள் வெஸ்ட்மின்ஸ்டர் பகுதி நடைச் சுற்றுலாவை எடுங்கள். டிரஃபால்கர் சதுக்கம், பக்கிங்ஹாம் அரண்மனை, பிக் பென் எல்லாம் நடை தூரத்தில்தான். அரண்மனைக் காவலர் மாற்றச் சடங்கு பெரும்பாலும் திங்கள், புதன், வெள்ளி, ஞாயிறு காலை 11 மணிக்கு. மழை கொட்டினால் ரத்தாகும். முதல் நாள் இரவே அட்டவணையைப் பாருங்கள். அரண்மனைக் கம்பி வேலிக்கு முண்டியடிக்க வேண்டாம். வாத்திய இசையோடு அணி நடந்து வரும் மால் சாலை ஓரம் நின்றால், பக்கத்திலேயே பார்க்கலாம்.

சுற்றுலா வெளிப்புறம் மட்டும்தான். வெஸ்ட்மின்ஸ்டர் அபே தேவாலயத்துக்குள் போகத் தனி டிக்கெட். ஞாயிறன்று வழிபாட்டுக்கு மட்டுமே திறப்பார்கள். சுற்றுலா ‘இலவசம்’ என்று போட்டிருந்தாலும் முடிவில் வழிகாட்டிக்கு டிப்ஸ் கொடுப்பதுதான் வழக்கம். கிளம்புமுன் டிரஃபால்கர் சதுக்கத்தில் உள்ள ஓவியக் கூடமான நேஷனல் கேலரிக்குள் நுழைந்து கழிப்பறை போய்வந்துவிடுங்கள், அனுமதி இலவசம்.

வெஸ்ட்மின்ஸ்டர் பாலத்தில் மோசடிக்காரர்கள் மூன்று கிண்ணத்தைக் கவிழ்த்துப் பந்தைக் கண்டுபிடிக்கச் சொல்வார்கள். சுற்றி நின்று ஜெயிக்கிறவர்களும் அவர்கள் ஆட்களே. நிற்கவே நிற்காதீர்கள், வேடிக்கை பார்க்கும்போதுதான் பர்ஸ் போகும். பிக் பென் படத்துக்குப் பாலத்தைத் தாண்டி எதிர்க்கரைக்குப் போங்கள். அடியில் நின்றால் கோபுரம் படத்தில் முழுதாக விழாது.