குடும்ப நகைச்சுவைத் தொடரின் பிற்காலச் சீசன்கள்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஏழெட்டு சீசன் ஓடிவிட்ட குடும்ப நகைச்சுவைத் தொடருக்கு அடுத்ததை எழுத உட்காரும்போது, சாலிகிராமத்துக் கதை விவாதங்களில் முதலில் எழும் கேள்வி, "புதுசா யாரையாவது உள்ளே கொண்டு வரலாமா?" என்பதுதான். பெரும்பாலான தவறுகள் அங்கிருந்தே தொடங்குகின்றன. பிள்ளைகள் வளர்ந்துவிட்டார்கள், அதனால் ஒரு சுட்டிக் குழந்தை வேண்டும் என்ற எண்ணம் அமெரிக்கத் தொடர்களைப் பலமுறை ஆட்டிப் படைத்திருக்கிறது. 'தி பிராடி பன்ச்' தொடரில் ஆலிவர் என்ற உறவுக்காரச் சிறுவன் வந்தது 1974இல், கடைசி ஆறு எபிசோடுகளில். அவன் வரவால் தொடர் பிழைக்கவில்லை. 'ஃபேமிலி டைஸ்' தொடரில் 1985இல் பிறந்த ஆண்டி, 1986இல் வாய் ஓயாமல் பேசும் சிறுவனாகிவிட்டான். குழந்தை வந்தால் கதை வளரும் என்று நம்பியவர்கள், கடைசியில் குழந்தையைத்தான் அவசரமாக வளர்க்க வேண்டியிருந்தது.

புது ஆளைத் தேடும் அவசரத்தில், இருப்பவர்களுக்கு வயதாகியிருப்பதை நாம் கவனிப்பதில்லை. பிற்காலச் சீசனுக்கு அதைவிடப் பெரிய கதைச் செல்வம் கிடையாது. முதல் சீசனில் மதிப்பெண் அட்டையில் கையெழுத்து வாங்க அப்பா முன் நடுங்கி நின்ற பையன், எட்டாவது சீசனில் பழைய மகாபலிபுரம் சாலை அலுவலகத்திலிருந்து இரவு பதினொரு மணிக்கு வீடு திரும்புகிறான் என்று வைத்துக்கொள்வோம். மின் கட்டணம் கட்ட அன்றுதான் கடைசி நாள். கைப்பேசியில் கட்டத் தெரியாத அப்பா, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு வாசலிலேயே நிற்கிறார். "வீட்டுக்கு வர்ற நேரமாடா இது?" என்று அதட்டிக்கொண்டே கைப்பேசியை அவனிடம் நீட்டுகிறார்; அம்மா ஒன்றும் பேசாமல் தோசைக்கல்லை மறுபடி அடுப்பில் ஏற்றுகிறாள். அதே அப்பா, அதே அதட்டல். ஆனால் இப்போது தயவு வேண்டியிருப்பது அப்பாவுக்கு. எட்டு ஆண்டுகள் கூடவே இருந்து பார்த்தவருக்குத்தான் இந்தச் சிரிப்பு முழுமையாகக் கிடைக்கும். முதல் சீசனில் இதை எழுதவே முடியாது.

2009 முதல் 2020 வரை 11 சீசன், 250 எபிசோடுகள் ஓடிய 'மாடர்ன் ஃபேமிலி', கைக்குழந்தையாக வந்த லில்லியைப் பள்ளிச் சிறுமியாகவும், பள்ளி மாணவியான ஹேலியை இரட்டைக் குழந்தைகளின் தாயாகவும் வளரவிட்டது.

பழையவர்களைச் சொல்லாமல் கொள்ளாமல் கைவிடுவதும் பெருந்தவறு. 'ஃபேமிலி மேட்டர்ஸ்' வீட்டின் கடைக்குட்டி ஜூடி நான்காவது சீசனுக்குப் பின் காணாமல் போனாள். அப்படி ஒரு மகள் இருந்ததாகவே பிறகு யாரும் பேசவில்லை. இதைவிட, "இவருக்குப் பதில் இவர்" என்று திரையில் போட்டுவிட்டு வேறொருவரை நடிக்க வைக்கும் நம் ஊர் வழக்கம் எவ்வளவோ நேர்மையானது. முகம் மாறினால் நம் வீட்டுப் பெரியவர்கள் இரண்டு நாள் முணுமுணுத்துவிட்டு ஏற்றுக்கொள்வார்கள். கஞ்சத்தனமான மாமா காரணமில்லாமல் வள்ளலாகிவிட்டால் ஒப்பமாட்டார்கள்.

குடும்பத்தின் வரவு செலவையும் திடீரென்று மாற்றக் கூடாது. மாதச் செலவுக்குத் திண்டாடுவதையே உயிராகக் கொண்டிருந்த 'ரோசன்' குடும்பத்துக்கு, 1996இல் தொடங்கிய ஒன்பதாவது சீசனில் லாட்டரியில் 10.8 கோடி டாலர் விழுந்தது. கடைசி எபிசோடில் அதெல்லாம் ரோசன் எழுதிய கற்பனை என்றும், கணவர் டான் இறந்துவிட்டார் என்றும் சொன்னார்கள். 2018இல் தொடர் திரும்பி வந்தபோது டான் உயிரோடு இருந்தார், பணக்கவலையும் அந்த வீட்டுக்குத் திரும்பியிருந்தது.