அடுத்தவர் நினைவை வரையும்போது விடக்கூடாத பிழைகள்

போன மாதம் உப்புவெளியில் ஓவியம் பழகும் பிள்ளைகளோடு இரண்டு நாள் இருந்தேன். போர் நினைவு என்றதும் பன்னிரண்டு பேரில் ஏழு பேரின் தாளில் முள்ளுக்கம்பி. அளவுப் பிசகு, நிறம் குழைப்பது எல்லாம் கீறக் கீறத் தானாகச் சரிவரும், அதை விடுவோம்.

கேட்டு முடிக்குமுன் வரைந்து முடிப்பது

2006இல் போரினால் திருகோணமலைச் சம்பூரிலிருந்து இடம்பெயர்ந்து கிளிவெட்டி முகாமில் இருந்த ஒரு அம்மாவிடம் அவருடைய வீட்டைப் பற்றிக் கேட்டேன். சேலைத் தலைப்பில் முடிந்திருந்த திறப்பை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு வளவு, விறாந்தை, குசினி என்று ஒரு மணித்தியாலம் கதைத்தார். பாதியிலேயே எனக்குள் படம் முடிந்துவிட்டது: கரிந்த சுவர், உடைந்த கதவு, கறுத்த வானம். நாலடிக் கன்வஸ். கொழும்பில் காட்சிக்கு வைத்தேன், விற்றும் போனது. அப்புறம்தான் அதன் போட்டோவை அம்மாவிடம் கொண்டுபோனேன். கனநேரம் பார்த்தார்.

“தம்பி, இது எங்கட வீடில்லையே. கிணத்தடியில நிண்ட தேசிக்காய் மரம் எங்க?”

மூன்று தரம் சொல்லியிருக்கிறார், என் கொப்பியிலும் எழுதியிருந்தது. அதற்குப் பிறகு அந்த வீட்டைப் பற்றி அவர் என்னோடு கதைக்கவேயில்லை.

இப்போதும் பிள்ளைகள் போனில் பத்து நிமிடம் பதிந்துகொண்டு எழும்பி வருவதைப் பார்த்தால் எனக்குக் கோபம் வருகிறது. பென்சிலை அவர்களின் கையில் கொடுங்கள். யாழ்ப்பாணத்து ஓவியர் தா. சனாதனன் 2011இல் கொண்டுவந்த நூலுக்கு இடம்பெயர்ந்தவர்களையே, இழந்த வீட்டின் வரைபடத்தை நினைவிலிருந்து கீறவைத்தார். அதைக் கட்டடக் கலைஞர் அளவோடு திருப்பிக் கீற, சனாதனனுடைய ஓவியம் அதற்கும் பிறகுதான் வந்தது. ஒல்லாந்தர் காலக் காணிப் பதிவேடான தோம்பின் பெயர்தான் நூலுக்கும். கிணறு எந்தப் பக்கம் என்பதை வீட்டுக்காரர் சொல்லட்டும். முடிந்த படத்தையும் முதலில் அவருக்கே காட்டுங்கள், ‘இல்லை’ என்றால் சுவரில் ஏற்றாதீர்கள்.

இரத்தமும் அழுகிற முகமும்

இரண்டும் இல்லாமலே இழப்பைக் காட்டலாம். கொலம்பியாவில் 1985இல் நீதி மாளிகை (உச்ச நீதிமன்றக் கட்டடம்) முற்றுகையில் இறந்தவர்களுக்காக அந்நாட்டுச் சிற்பி டோரிஸ் சால்செடோ 2002இல் அதே இடத்து மாளிகைச் சுவரில் 280 வெறும் கதிரைகளை 53 மணித்தியாலமாக மெல்ல மெல்ல இறக்கினார். ஒரு முகம்கூட இல்லை.

பெயர் போடுவது

நினைவைச் சொன்னவரின் பெயரை, அவரிடம் கேட்டுவிட்டு.

தலைப்பு

‘வலி’, ‘துயரம்’ வேண்டாம். ஊரும் ஆண்டும் போதும்.