ரீயூனியனுக்கு இடமாற்றம் கேட்கும் ஆசிரியர்களுக்கு

கொலேஜ், லிசே எனும் நடுநிலை, மேல்நிலைப் பள்ளிகளுக்கான ஆசிரியர் தேர்வில் தேறும், இந்தியப் பெருங்கடலின் பிரெஞ்சுத் தீவான ரீயூனியனின் பிள்ளைகள் பலருக்குப் பாரிஸை ஒட்டிய கிரெத்தேயிலோ வெர்சாயிலோதான் வேலை கிடைக்கிறது. "அம்மாவுக்கு உடம்பு முடியவில்லை" என்று கடிதம் எழுதினால் மாற்றல் வந்துவிடும் என்று நம்பாதீர்கள். பிரெஞ்சுக் கல்வி அமைச்சின் மாற்றல் புள்ளிக் கணக்கில், அதாவது பரேமில், நடக்கிறது. பெற்றோரின் நோய்க்கு அதில் தனிப் புள்ளி கிடையாது. இது வருத்தத்துக்குரிய விதிதான். ஆனால் அதே பெற்றோர் தீவில் வசிப்பது வேறொரு வழியில் கைகொடுக்கும்.

அந்த வழிக்குப் பெயர் 'சிம்'. உங்கள் பொருள், மன நலன்களின் மையம் ரீயூனியன்தான் என்று தாள்களைக் கொண்டு நிறுவ வேண்டும். 2017 பிப்ரவரி 28ஆம் தேதிச் சட்டம் இதை முன்னுரிமைகளில் ஒன்றாக்கியது. அண்மைய ஆண்டுகளில் இதற்கு 1000 புள்ளி தருகிறார்கள். ரீயூனியனை முதல் விருப்பமாகப் போட்டால்தான் அது கிடைக்கும். இரண்டாவதாகப் போட்டவர்கள் அத்தனையையும் இழக்கிறார்கள்.

ஒரே ஒரு சான்று போதாது, பல சேர்ந்துதான் எடை. பிறப்புச் சான்று, தீவில் படித்த பள்ளிச் சான்றுகள், பெற்றோரின் முகவரிச் சான்று, வீடோ நிலமோ இருந்தால் வரி ரசீது, வாக்காளர் பதிவு, தீவில் வங்கிக் கணக்கு, முன்பு பெற்ற போனிஃபியே விடுப்பின் (கடல்கடந்த பகுதி அரசு ஊழியர் சொந்த ஊர் போகத் தரும் விடுப்பு) ஆணை ஆகியவற்றைச் சேருங்கள். நெருங்கிய உறவினர் அடக்கமான இடம்கூடக் கணக்கில் வரும். பலர் இதை மறந்துவிடுகிறார்கள்.

நோயாளி நீங்களோ கணவன் மனைவியோ பிள்ளையோ என்றால் வழி வேறு. மாற்றுத்திறன் அங்கீகாரச் சான்றுடன், மாற்றல் நோயாளிக்கு எப்படி உதவும் என்பதை விளக்கும் மருத்துவ அறிக்கையை ரெக்தோராவின், அதாவது வட்டாரக் கல்வி அலுவலகத்தின், மருத்துவருக்கு அனுப்புங்கள். பிள்ளைக்குக் கடும் நோய் என்றால் அங்கீகாரச் சான்று இல்லாமலும் கேட்கலாம். அறிக்கையில் நோயின் பெயர் மட்டும் இருந்தால் பலனில்லை. தீவில் கிடைக்கும் சிகிச்சையும் கவனித்துக்கொள்ளும் உறவினரும் அதில் தெளிவாக வர வேண்டும்.

மாற்றலுக்கு விண்ணப்பிக்கும் 'சியாம்' இணையதளம் பொதுவாக நவம்பரில் சில வாரங்களே திறந்திருக்கும். அங்கீகாரச் சான்று வர மாதங்கள் ஆகும் என்பதால் வசந்த காலத்திலேயே விண்ணப்பியுங்கள். உறுதிப் படிவத்தில் கையொப்பமிட்டுத் தாள்களோடு ஒப்படைத்த பிறகு, ஜனவரியில் உங்கள் புள்ளிகளைக் காட்டுவார்கள். திருத்தம் கேட்க அப்போது சில நாள் அவகாசம் உண்டு. கடைசி நாள் கடந்தபின் கணவனோ மனைவியோ பிள்ளையோ இறந்தால், தாமத விண்ணப்பம் ஏற்கப்படும்.

மார்ச்சில் ரீயூனியன் கிடைத்தாலும் பள்ளி இன்னும் முடிவாகவில்லை. தீவுக்குள் இரண்டாம் சுற்று உண்டு. அதில் நாலைந்து ஊர்களை மட்டும் எழுதினால், கிடைக்காதபோது நீங்கள் கேட்காத இடத்தில் போட்டுவிடுவார்கள். பட்டியலை நீளமாகவே எழுதுங்கள்.

தொடக்கப் பள்ளி ஆசிரியர்களுக்கு முதல் சுற்றில் கிடைக்காவிட்டால் 'எக்சேயா–இனேயா' என்ற விடுவிப்பு–ஏற்பு முறை இருக்கிறது. இருக்கும் மாவட்டம் விடுவிக்கவும், ரீயூனியன் ஏற்கவும் இரண்டு தனி மனுக்கள் தேவை. குடும்பத் துயரை விளக்கும் கடிதத்துக்கு உண்மையில் இடமுள்ளது இங்கேதான்.