தமிழ் சர்ச்ல ஆர்கன் வாசிக்கணும்னு ஆசையா?

சிங்கப்பூர்ல நம்ம சபைகள்ல கிட்டார், ட்ரம்ஸ் பக்கம் பசங்க தானா வந்துடுறாங்க, ஆர்கன்ல உக்காரத்தான் ஆள் தேட வேண்டியிருக்கு. அதனால ஆசை இருக்குறவங்க தயங்காதீங்க.

பியானோ ஓரளவு கைக்கு வந்திருக்கணும். ஆனா ஆர்கன்ல சஸ்டெயின் பெடல் கிடையாது, விரலை எடுத்த உடனே சத்தம் நின்னுடும், அதனால 3ஆம் விரல்ல (நடுவிரல்) அமுக்கின கீயை விடாமலே 5ஆம் விரலுக்கு (சுண்டு விரல்) மாத்திட்டு அடுத்த நோட்டுக்குப் போற பழக்கம் வேணும். இதை முதல் மாசமே பிடிச்சுக்கோங்க.

அடுத்து கால். பெடல் போர்டுல, அதாவது கால்ல வாசிக்கிற கீபோர்டுல, பொதுவா 30 இல்லன்னா 32 கீ இருக்கும். மெல்லிசான லெதர் சோல் ஷூ போடுங்க, ரப்பர் சோல் வழுக்காது, அதுவே தொந்தரவு. பாமாலைல (சபையில பாடுற பாட்டுப் புத்தகம்) மெதுவான ஒரு பாட்டை எடுத்து, நாலு குரல்ல அடியில வர்ற பேஸ் மட்டும் கால்ல வாசிங்க, அப்புறம் இடது கைல அதுக்கு மேல வர்ற டெனர் சேருங்க. இங்கதான் எல்லாரும் திணறுவாங்க, ஏன்னா பியானோல இடது கை பேஸ் வாசிச்சே பழகியிருக்கும், இப்பவும் காலோட சேர்ந்து அங்கயே ஓடப் பாக்கும். இது சரியான பிறகுதான் வலது கைல மேல் குரல்களான சோப்ரானோ, ஆல்டோ.

ஸ்டாப், அதாவது எந்தக் குழாய் வரிசை ஒலிக்கணும்னு தேர்ந்தெடுக்கிற குமிழ், விஷயம் சிம்பிள். அதுல எழுதியிருக்குற அடி கணக்கு குழாயோட நீளத்தைக் குறிக்கும். 8 அடி எழுதின ஸ்ருதியிலயே கேக்கும், 4 அடி ஒரு ஆக்டேவ் மேல, 16 அடி ஒரு ஆக்டேவ் கீழ. ஆரம்பத்துல கைக்கு 8, 4, காலுக்கு 16, 8 போதும்.

வாசிக்கும்போது வார்த்தையை மனசுக்குள்ள பாடிக்கிட்டே வாசிங்க, ப்ளீஸ். வரி முடியிற இடத்துல கையைத் தூக்குனாதான் சபை மூச்சு விடும், வயசான பாட்டிமார் பின்னாடி இழுத்துப் பாடுனா அவங்களை விட்டுட்டு ஓடாதீங்க.

கீர்த்தனைக்கு வேற வழி. தஞ்சாவூர் வேதநாயக சாஸ்திரியார் பாடல்களை நாம இன்னைக்கும் பாடுறோம், அதெல்லாம் ராகத்துல நிக்கிறது, நாலு குரலையும் சேர்த்து கார்டு (chord) போட்டு அமுக்குனா ராகம் போயிடும். கமகம், அதாவது ஸ்வரத்தை அசைச்சு இழைக்கிறது, ஆர்கன்ல வராது, அது பாடுறவங்க தொண்டையில வரட்டும், நீங்க கீழ ச-ப சுருதியைப் பிடிச்சுக்கிட்டு மெட்டை மட்டும் மென்மையா கொடுங்க, சரணத்துக்கு இடையில பல்லவிக்குத் திரும்புறது தெளிவாத் தெரியணும்.

சொந்தமா மெட்டு போடணும்னா முதல்ல வரியை சத்தமா வாசிங்க. நெடில் விழுற இடத்துல நீள நோட்டு வைங்க, குறிலை இழுத்தா வார்த்தையே மாறிடும். மத்திய 'C'க்கும் மேல் 'D'க்கும் நடுவுல மெட்டு இருந்தா எல்லாராலயும் பாட முடியும்.

காதுக்கும் பயிற்சி வேணும். விக்டோரியா கான்சர்ட் ஹால், எஸ்பிளனேட் ரெண்டுலயும் க்ளைஸ்ங்கிற ஜெர்மன் கம்பெனி செஞ்ச ஆர்கன் இருக்கு, குட் ஷெப்பர்ட் கதீட்ரல்ல 1912ல வந்த, பெவிங்டன்ங்கிற லண்டன் கம்பெனியோட ஆர்கன் இருக்கு, கச்சேரி வச்சா கட்டாயம் போங்க. ஜெர்மன் இசைமேதை பாக் (Bach) 1705ல இன்னொரு ஆர்கனிஸ்ட் வாசிக்கிறதைக் கேக்க லூபெக் ஊர் வரைக்கும் ஏறத்தாழ 400 கிலோமீட்டர் நடந்தே போனாராம், நமக்கு எம்ஆர்டி இருக்கு.

வருமானம் இதுல பெருசா எதிர்பார்க்காதீங்க, வேலை ஒண்ணு கைல இருக்கட்டும். ஆயர்கிட்ட கேட்டு வாரநாள்ல சர்ச் காலியா இருக்குற நேரத்துல பிராக்டிஸ் டைம் வாங்கிக்கோங்க, முதல் சில ஞாயிறு காணிக்கை நேரத்துக்கு மட்டும் வாசிங்க, அப்புறம் ஒரு பாட்டு, அப்புறம் முழு ஆராதனை.