உலகக் கண்காட்சி முடிந்த மறுநாள்: நடத்தும் நகரங்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பல நாடுகள் அரங்கு அமைக்கும் உலகக் கண்காட்சி (எக்ஸ்போ) சுமார் ஆறு மாதத்தில் முடிந்துவிடும். அதற்காகத் திருத்திய நிலமும் எழுப்பிய கட்டடங்களும் பல தலைமுறைக்கு நகரத்தின் பொறுப்பாகிவிடும். "முதலில் கண்காட்சி முடியட்டும், பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்பதுதான் பெரிய தவறு. மற்றவை பெரும்பாலும் அதிலிருந்து முளைப்பவை.

போர்ச்சுகலின் லிஸ்பன் 1998இல் இதைத் தவிர்த்தது. எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையும் கிடங்குகளும் மாசாக்கிய 300 ஹெக்டேருக்கும் மேற்பட்ட ஆற்றங்கரைக்கு ஒரே திட்டம் போட்டார்கள். கண்காட்சி நடந்தது அதில் ஒரு துண்டில்தான். தண்ணீர்க் குழாய், மின்கம்பி எல்லாம் ஆள் நடந்துபோகக்கூடிய நிலத்தடிச் சுரங்கத்தில் போயின. பழுது பார்க்கச் சாலையைத் தோண்ட வேண்டியதில்லை. அந்தப் பகுதிக்கு மெட்ரோ பாதையும் ஓரியந்தே ரயில் நிலையமும் அதே ஆண்டு வந்தன. வடபக்க அரங்குகள் பின்னர் வணிகக் கண்காட்சிக் கூடமாயின. ஆலையின் ஒரு கோபுரம் இன்றும் அங்கே நிற்கிறது.

அடுத்த தவறு, தற்காலிகக் கட்டடத்தை "அழகாக இருக்கிறதே" என்று அப்படியே வைத்துக்கொள்வது. சிகாகோ 1893இன் வெள்ளை நிறக் கண்காட்சி மாளிகைகளின் மேற்பூச்சு, பிளாஸ்டரில் நார் கலந்தது. பெரும்பாலானவை 1894 தீயில் போயின. ஓவியங்களின் பாதுகாப்புக்காகச் செங்கல்லில் கட்டிய கலை மாளிகை தப்பியது. அதற்கும் பூச்சு உதிர்ந்து, சுண்ணாம்புக்கல் போர்த்திய பிறகே 1933இல் அறிவியல் அருங்காட்சியகமாகத் திறந்தது. சான் பிரான்சிஸ்கோவின் 1915 கலை மாளிகையை 1960களில் இடித்துக் கான்கிரீட்டில் திரும்பக் கட்ட வேண்டியதாயிற்று. மாண்ட்ரீலின் 1967 கண்காட்சியில் அமெரிக்க அரங்காக இருந்த பெரிய கோளத்தில், 1976இல் பராமரிப்பு வேலையின்போது பற்றிய தீ அக்ரிலிக் உறையை முழுக்கத் தின்றது. இரும்புச் சட்டம் மட்டும் மிஞ்சியது. நிற்கப்போகும் கட்டடம் எது என்பதை அஸ்திவாரத்துக்கு முன்பே முடிவு செய்து, அதை மட்டும் நிரந்தரக் கட்டட விதிப்படி கட்டுங்கள்.

அடையாளச் சின்னம் இருந்தால் போதும் என்ற நம்பிக்கையும் ஆபத்தானது. பாரிஸின் 1889 கண்காட்சிக்கு எழுப்பிய ஐஃபில் கோபுரத்துக்குக் கிடைத்தது 20 ஆண்டு அனுமதி. அதைக் காப்பாற்றியதில் கம்பியில்லாத் தந்திக்குப் பெரிய பங்குண்டு. பிற்காலத்தில் என்ன வேலை செய்யும் என்று சொல்ல முடியாத கோபுரத்தைக் கேட்காதீர்கள்.

டிக்கெட் வருமானத்தை நம்பிப் பராமரிப்புச் செலவைத் தள்ளிப்போடவும் கூடாது. ஜெர்மனியின் ஹனோவர் 2000இல் 4 கோடிப் பேரை எதிர்பார்த்தார்கள். வந்தது சுமார் 1.8 கோடி. லண்டன் 1851இல் கிடைத்த சுமார் 1,86,000 பவுண்டு லாபம் வேறு செலவில் கரையவில்லை. அதைக் கையாண்ட தனி ஆணையம் தென் கென்சிங்டனில் நிலம் வாங்கியது. பெரிய அருங்காட்சியகங்கள் அங்கே எழுந்தன. லாபம் வராத நகரத்துக்கும் அப்படியொரு ஆணையம் தேவை. அதன் நிதியை முதல் பட்ஜெட்டிலேயே தனியாக ஒதுக்க வேண்டும்.